கலைஞருக்கு எது சொந்தத் தொகுதி?

காட்பாடிக்காரன் கேட்டது:

எங்கள் ஊர்ப் பக்கம் துரைமுருகன் என்றால் காட்பாடிதான். நடுவில் ராணிப்பேட்டைக்குப் போய் வந்ததை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. கேரளத்தில் உம்மன் சாண்டி 1970 முதல் சாகும்வரை புதுப்பள்ளியை விட்டு நகரவே இல்லை. கலைஞர் விஷயம் மட்டும் எனக்குப் புரியவில்லை. 1957 முதல் 2016 வரை 13 முறை நின்று 13 முறையும் ஜெயித்திருக்கிறார். ஆனால் குளித்தலை, தஞ்சாவூர், சைதாப்பேட்டை, அண்ணா நகர், துறைமுகம், சேப்பாக்கம், திருவாரூர் என்று ஏழு தொகுதி. தோல்வி பயத்தில் மாறிக்கொண்டே இருந்தார் என்கிறான் என் நண்பன். 1984 தேர்தலில் பெயரையே காணோம். விவரம் தெரிந்த பெரியவர்கள் சொல்லுங்கள். கட்சிச் சண்டை வேண்டாம்.

மண்ணடி பாய்:

1991 கதையை நான் சொல்கிறேன். அப்போது எனக்குத் துறைமுகத்தில்தான் ஓட்டு. ராஜீவ் கொலைக்குப் பிறகு எங்கள் தெருவில் கறுப்பு சிவப்புக் கொடி கட்டவே ஆள் இல்லை. கட்சி வேட்டியைப் பெட்டிக்குள் வைத்துவிட்டு வெள்ளை வேட்டியில் திரிந்தவர்களை எனக்குத் தெரியும். அந்த அலையில் அவர் காங்கிரஸ் சுப்புவை 890 ஓட்டில் ஜெயித்தார். மாநிலம் முழுக்கக் கட்சி தரைமட்டம். ஜெயித்த கையோடு பதவியை ராஜினாமா செய்துவிட்டார். ஓட்டுப் போட்ட எங்களுக்கு அது பெரிய ஏமாற்றம், இன்றும் எனக்கு அந்தக் கோபம் உண்டு. பயந்தவர் என்றால் மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

குளித்தலை தாத்தா:

தம்பி காட்பாடிக்காரரே, நான் முதல் தொகுதிக்காரன். சின்ன வயதில் பார்த்ததும் அப்பா சொல்லிக் கேட்டதும்தான் இது.

எங்கள் அப்பா நங்கவரம் பக்கம் பண்ணை நிலத்தை வாரத்துக்கு, அதாவது விளைச்சலில் பங்குக்கு, உழுதவர். 'நாடு பாதி, நங்கவரம் பாதி' என்று எங்கள் பக்கம் ஒரு சொலவடை உண்டு. பண்ணை நிலம் அவ்வளவு. களத்தில் நெல் அளக்கும்போது பண்ணைக் கணக்குப்பிள்ளை மரக்காலைக் கையில் எடுத்தால் அப்பா தோளில் கிடக்கும் துண்டு இடுப்புக்கு இறங்கிவிடும். அளந்து முடிகிற வரை வாய் திறக்க மாட்டார். இது என் கண்ணால் பார்த்தது. 1957-ல் குளித்தலையில் ஜெயித்துப் போன 32 வயசுக்காரர் சட்டசபையில் பேசிய முதல் பேச்சே அந்த நங்கவரம் உழவர்கள் பிரச்சினைதான். பேசிய மறுநாளே எல்லாம் மாறிவிடவில்லை. ஆனால் எங்கள் ஊர்ப் பெயர் கோட்டைக்குள் ஒலித்தது என்பதே அப்பாவுக்குப் போதும். வெற்றிலை கவுளி கட்டிக்கொண்டே அதை எத்தனை பேரிடம் சொல்லியிருப்பார்!

அடுத்த தேர்தலில் எங்களை விட்டுவிட்டுத் தஞ்சாவூர் போய்விட்டார். ஊரில் முணுமுணுப்பு இல்லாமல் இல்லை. சரி, போன இடம் சுலபமான இடமா என்று பாருங்கள். எதிரே நின்றவர் பரிசுத்த நாடார், பதவியில் இருந்த காங்கிரஸ் எம்.எல்.ஏ. வித்தியாசம் 1,928 ஓட்டு. அதே 1962-ல் காஞ்சிபுரத்தில் அண்ணாவே தோற்றார். பயந்தவர் போகிற இடமா அது?

முதலமைச்சரான பிறகு, 1970-ல், ஒரு குடும்பம் வைத்துக்கொள்ளக்கூடிய நில உச்சவரம்பை 30 ஸ்டாண்டர்டு ஏக்கரிலிருந்து 15 ஆகக் குறைத்தார். பினாமி பெயரில் எழுதிவைத்துத் தப்பித்தவர்கள் நிறைய, அதையும் சொல்லிவிட வேண்டும். அடுத்த வருஷம் குடியிருப்பு மனைச் சட்டம் வந்தது. பிறத்தியார் நிலத்தில் குடிசை போட்டிருந்த விவசாயத் தொழிலாளிக்கு அந்த மனையே சொந்தம் என்றது. என்னைக் கேட்டால் உச்சவரம்பைவிட இதுதான் பெரிய வேலை. 'காலி பண்ணு' என்ற ஒரு வார்த்தையில்தானே அதுவரை எல்லாரையும் அடக்கி வைத்திருந்தார்கள்!

அரைக்கால் பென்ஷனர்:

1984 கேள்விக்கு நான் பதில் சொல்கிறேன். 1983-ல் இலங்கைத் தமிழர் பிரச்சினைக்காக அவரும் பேராசிரியர் அன்பழகனும் எம்.எல்.ஏ. பதவியை ராஜினாமா செய்தார்கள். அப்புறம் கலைஞர் சட்ட மேலவை உறுப்பினரானார். அதனால் 1984-ல் பேரவைக்கு நிற்கவில்லை. 1986-ல் எம்.ஜி.ஆர். அரசு மேலவையையே கலைத்துவிட்டது. ஆகவே 13 தேர்தல் என்பதற்காகத் தொடர்ந்து சபைக்குள்ளேயே இருந்தார் என்று எழுதிவிடாதீர்கள், நடுவில் இடைவெளிகள் உண்டு.

இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். எதிர்க்கட்சியாக இருந்த கடைசிக் காலங்களில் சபைக்குள் உட்கார்ந்ததைவிட வெளியே வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுத் திரும்பியதுதான் அதிகம். அனுமதியில்லாமல் 60 நாள் வராவிட்டால் இடத்தைக் காலி என்று அறிவிக்க அரசியல் சட்டத்தில் வழி இருக்கிறது. சபை நடைமுறையை விரல் நுனியில் வைத்திருந்தவர் கையெழுத்தோடு நின்றுகொண்டது எனக்குக் குறையாகத்தான் படுகிறது. அவர் கட்சிக்காரர்கள் ஆயிரம் காரணம் சொல்வார்கள்.

காட்பாடிக்காரன்:

எல்லோருக்கும் நன்றி. 1980-ல் அண்ணா நகரில் அ.தி.மு.க.வின் ஹண்டேயை 699 ஓட்டில்தான் ஜெயித்தார் என்று நானும் தேடிப் பிடித்தேன். நண்பனுக்கு அனுப்பிவிட்டேன், பதில் இல்லை. ஒரே ஒரு சந்தேகம். திருவாரூரில் படித்து வளர்ந்தவர் 86 வயசு வரை அங்கே ஏன் நிற்கவில்லை?

குளித்தலை தாத்தா:

அது ரொம்ப காலம் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கிய தனித்தொகுதி தம்பி. அவர் நினைத்தாலும் நிற்க முடியாது. தொகுதி மறுசீரமைப்பில் பொதுத் தொகுதியாக மாறியது, அதற்கு அடுத்து வந்த 2011 தேர்தலிலேயே போய் நின்றார். வித்தியாசம் 50,000-க்கு மேல். 2016-ல் 68,366, அந்தத் தேர்தலில் மாநிலத்திலேயே அதுதான் அதிகம். ஆக உங்கள் தலைப்புக் கேள்விக்குத் திருவாரூர் என்றே எழுதிக்கொள்ளுங்கள். எங்கள் ஊர்க்காரர்கள் யாராவது சண்டைக்கு வந்தால் நான் பார்த்துக்கொள்கிறேன்.