பாப்பாரப்பட்டி சொந்தங்கள் வாட்ஸ்அப் குழு

பெரியப்பா (பாப்பாரப்பட்டி): அப்பாவின் 16ஆம் நாள் காரியம் வருகிற ஞாயிற்றுக்கிழமை நடக்கிறது. காலை 10 மணிக்குள் எல்லோரும் வந்துவிட வேண்டும். இதையே அழைப்பாக ஏற்றுக்கொள்ளுங்கள்.

சித்தி (பாலக்கோடு): வந்துவிடுகிறோம் மாமா. பென்னாகரத்து அண்ணிக்கு யார் சொன்னது?

பெரியப்பா: குழுவில்தான் போட்டிருக்கிறேனே.

அத்தை மகன் (ஓசூர்): மாமா, தாத்தா இறந்ததையும் விடியற்காலை 4.40 மணிக்குக் குழுவில்தான் போட்டீர்கள். நான் இரவு ஷிப்டில் இருந்தேன், போனை வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். பென்னாகரத்தில் அம்மாவிடம் இருப்பது பட்டன் போன். பக்கத்து வீட்டுப் பெண் ஒரு ஸ்டேட்டஸைக் காட்டி, “இது உங்கள் பெரியப்பாதானே?” என்று கேட்ட பிறகுதான் அம்மாவுக்குத் தெரிந்தது. தன்னை வளர்த்த பெரியப்பாவின் முகத்தைப் பார்க்க அம்மா ஓடி வந்தபோது மண் தள்ளி முடித்திருந்தார்கள்.

மாமா (காவேரிப்பட்டணம்): ஸ்டேட்டஸ் வைத்தது என் மகள்தான். அன்றே எடுக்கச் சொல்லிவிட்டேன்.

பெரியப்பா: வேண்டுமென்று யாரும் விடவில்லை. காட்டு நிலத்துப் பங்கை இதில் இழுக்காதே.

அக்கா (தருமபுரி): பெரியப்பா, பங்கைப் பற்றி இங்கே யாரும் பேசவில்லை. குழுவில் போட்ட செய்தியைக் கடைசி ஆளும் படித்த பிறகுதான் இரண்டு குறியும் நீலமாகும். போட்டவர் அந்தச் செய்தியை அழுத்திப் பிடித்துத் தகவலைத் திறந்தால், யார் படித்தார்கள் என்பதும் பெயர் பெயராகத் தெரியும். அன்று மத்தியானம் வரை குறி சாம்பல் நிறத்திலேயே நின்றதை நீங்கள் பார்க்கவில்லை, நாங்களும் கேட்கவில்லை. நானும் இரங்கல் எழுதிவிட்டு பஸ் ஏறிவிட்டேன். முன்பு சாவுச் செய்தி சொல்லப் போன ஆள் திரும்பி வந்து, எந்த வீட்டில் யார் வர வேண்டும் என்று சொல்வார், அவர்கள் வரும்வரை எடுக்காமல் காத்திருப்பார்கள். 43 பேர் இருக்கிற குழுவில் பென்னாகரத்து அத்தை இல்லை என்பது நமக்கு உறைக்கவே இல்லை.

சித்தி: சமையலுக்கு யாரைச் சொல்லியிருக்கிறீர்கள் மாமா?

பெரியப்பா: அது இன்னும் முடிவாகவில்லை. பென்னாகரத்துக்குச் சனிக்கிழமை நானே போய்ச் சொல்கிறேன்.

அத்தை மகன்: மறுநாள் காரியத்துக்கு முதல் நாள் வந்து சொன்னால் அம்மா எப்படி எடுத்துக்கொள்வார்? நாளைக்கே வாருங்கள், உங்கள் வீட்டு அத்தையையும் அழைத்து வாருங்கள்.

பெரியப்பா: நாளை பந்தல்காரர் வருகிறார். பார்க்கிறேன்.

சித்தி: நான் கூட வருகிறேன் மாமா, காலை பஸ்ஸுக்கே போய்விடலாம்.

அத்தை மகன்: அம்மாவின் எண்ணை அனுப்புகிறேன். கிளம்பும் முன் ஒரு தடவை கூப்பிடுங்கள்.

பெரியப்பா: அவள் எண் என்னிடம் இருக்கிறது.