விரல் இடுக்கில் வெடிப்பு, பெயிண்ட் அடித்தபின் இமை வீக்கம்: இரண்டுக்கும் தொடர்பு உண்டா?

செம்பூர்வாசி:
வணக்கம். நான் மும்பை செம்பூரில் வசிக்கிறேன். நான்கு மாதங்களாக என் விரல் இடுக்குகளில், குறிப்பாக மோதிரத்துக்கு அடியில், அரிப்பெடுத்துச் சிறு நீர்க்கொப்புளங்கள் கிளம்பி, பிறகு தோல் காய்ந்து வெடிக்கிறது. கரப்பான் என்று சொல்லி மாமியார் கத்தரிக்காயையும் கருவாட்டையும் விலக்கச் சொன்னார். ஒரு மாதம் விலக்கியும் பயனில்லை. பாத்திரம் கழுவும் திரவத்தை மூன்று முறை மாற்றினேன், மூலிகை என்று அச்சிட்ட ஹேண்ட்வாஷ் வாங்கினேன், எதற்கும் அடங்கவில்லை. சென்ற வாரம் வீட்டுக்குப் பெயிண்ட் அடித்தார்கள். நான் தொடவே இல்லை, ஆனால் இரண்டாம் நாள் காலையில் இமைகள் சிவந்து வீங்கியிருந்தன. என்ன காரணமாக இருக்கும்?

மாட்டுங்கா அக்கா:
அம்மா, எனக்கும் இப்படித்தான் தொடங்கியது. குழந்தையைத் துடைக்கும் ஈரத் துடைப்பான்தான் காரணம் என்று தெரிவதற்குள் ஓராண்டு ஓடிவிட்டது. தோல் மருத்துவரிடம் பேட்ச் டெஸ்ட் கேளுங்கள். முதுகில் வரிசையாக ஒட்டும் சிறு ஒட்டுகளை 48 மணி நேரம் கழித்து எடுத்துப் பார்த்து, ஓரிரு நாளில் மறுபடியும் பார்ப்பார்கள், ஏனென்றால் இந்த ஒவ்வாமை உடனே வராது. அதுவரை முதுகை நனைக்கக் கூடாது. நம் ஊர் வியர்வையில் ஒட்டுகள் கழன்றுவிடும் என்பதால் மழைக்காலம் கழிந்து செய்துகொள்வது நல்லது. முதுகில் ஸ்டீராய்டு களிம்பு பூச வேண்டாம்.

ஆய்வகத்தான்:
உங்கள் விவரங்களைப் படித்ததும் எனக்கு முதலில் தோன்றிய பெயர் மெத்தில்ஐசோதையசோலினோன். நீர் கலந்த எந்தப் பொருளிலும் கிருமியும் பூஞ்சையும் வளரும் என்பதால் பிரிசர்வேட்டிவ், அதாவது கெடாமல் காக்கும் பொருள், சேர்க்காமல் முடியாது. அப்படிச் சேர்க்கப்படும் இந்த ஒரே பொருள் ஷாம்பு, பாத்திரம் கழுவும் திரவம், நீர் சார்ந்த சுவர்ப் பெயிண்ட் என எல்லாவற்றிலும் இடம்பெறக் கூடும். பெயிண்டிலிருந்து அது வாரக்கணக்கில் காற்றில் கலக்கும். தோல் மெல்லிய இமைகள் முதலில் காட்டிக்கொடுக்கும். அமெரிக்கத் தொடு ஒவ்வாமைச் சங்கம் 2013இல் இதைத்தான் அந்த ஆண்டின் ஒவ்வாமைப் பொருளாக அறிவித்தது. பூசிவிட்டுக் கழுவாமல் விடும் அழகுப் பொருள்களில் இதைச் சேர்க்க ஐரோப்பிய ஒன்றியம் 2017இல் தடை விதித்தது. அங்கே கழுவிவிடும் பொருள்களுக்கு 0.0015 சதவீதமே உச்ச வரம்பு.

ஆகவே கம்பெனியை மாற்றுவதில் பலனில்லை, பொருளின் பெயரைப் பார்க்க வேண்டும். மூலிகை என்ற சொல்லை நம்பாதீர்கள். 'பாரபென் இல்லை' என்ற அறிவிப்பு உங்களுக்கு உதவாது, ஏனென்றால் பாரபென்கள் என்ற வேறு வகைப் பிரிசர்வேட்டிவ்களால் ஒவ்வாமை வருவது மிக அரிது. அவற்றை விலக்கிய இடத்தில்தான் பல கம்பெனிகள் இந்த ஐசோதையசோலினோன்களைக் கொண்டுவந்தன. பரிசோதனையில் இதைத் தனியாகவும் ஒட்டச் சொல்லுங்கள்; இதன் குளோரின் சேர்ந்த உறவுப் பொருளுடன் கலந்த ஒட்டில் மட்டும் பார்த்தால் சிலருக்குத் தப்பிவிடும்.

செம்பூர்வாசி:
இருவருக்கும் நன்றி. நேற்றிரவு குளியலறையில் டார்ச் அடித்துப் பார்த்தேன்: ஹேண்ட்வாஷ், ஷாம்பு இரண்டிலும், பட்டியலின் கடைசி வரியில், பொடி எழுத்தில் அந்தப் பெயர் இருந்தது. பாத்திரத் திரவத்தின் புட்டியில் பட்டியலே இல்லை. இனி சோப்புக் கட்டியின் உறையையும் படித்துவிட்டுத்தான் வாங்குவேன். இன்று காலை வேலைக்கு வரும் பாயியின் கையைக் கவனித்தேன், அதே விரல் இடுக்குகளில் அதே வெடிப்பு. நான்கு வீடுகளில் பாத்திரம் கழுவுகிறவர் அவர். மருத்துவரிடம் இருவருக்குமாக நேரம் கேட்டிருக்கிறேன்.