புதுப்பிப்பு: எல்டன் ரிங் இரட்டைக் கத்தி, அடி ஏறிடுச்சு

எல்டன் ரிங் வீடியோ கேம்ல வலது கையில் உச்சிகத்தானா, இடது கையில் சிமிட்டார்னு ரெண்டு கத்தி வச்சும் எதிரிக்கு விழுற அடி ஏறலைன்னு போன வாரம் கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லாருக்கும் நன்றி.

வேலை செஞ்சது "ரெண்டும் ஒரே வகையா இருக்கணும் தம்பி"ன்னு ராயபுரம் அண்ணன் சொன்னதுதான். சிமிட்டார் வளைகத்தி வகை, உச்சிகத்தானா கத்தானா வகை. அதனாலதான் எல்1 (கன்ட்ரோலர்ல இடது மேல் பட்டன்) அழுத்தினா ரெண்டும் சேர்ந்து வீசலை. இடது கைக்கு நாககிபா மாத்தினேன், அதுவும் கத்தானா வகைதான். ரெண்டுக்குமே இயல்பா ரத்தக்கசிவு உண்டு, அதாவது அடி விழ விழ சேர்ந்து, ஒரு கட்டத்துல எதிரியோட உயிரை மொத்தமா குறைக்குற தன்மை. ரத்தம் பீறிட்டு எதிரியோட உயிர்ப் பட்டை குறையுற வேகத்தைப் பார்த்து, கொருக்குப்பேட்டையில நண்பன் வீட்டு மொட்டைமாடி ரூம்ல ராத்திரி ரெண்டு பேரும் கத்திட்டோம்!

கத்தியோட மேம்பாட்டு நிலையை வலது +15, இடது +4ன்னு விட்டிருந்தது என் தப்பு. எல்1ல ரெண்டு கத்தியும் தனித்தனியா அடிக்குது, இடதையும் ஏத்தியே ஆகணும்.

எதிர்பார்க்காதது: நாககிபா சேர்ந்ததும் எடை, சுமக்கக்கூடிய அளவுல 70 சதவீதம் தாண்டி, உருளுறது கனமாயிடுச்சு. மார்புக் கவசத்தை இலகுவாக்கினதும் சரியாச்சு. ஸ்டாமினாவும் (வீசவும் உருளவும் செலவாகுற தெம்பு) சீக்கிரம் தீருது, மூணு எல்1க்கு மேல ஆசைப்படாதீங்க.

வலிமையை நம்பி ஆடுறவங்க கவனிங்க: ஒரே ஆயுதத்தை ரெண்டு கையால பிடிச்சா கிடைக்கிற ஒன்றரை மடங்கு வலிமை இதுல கிடைக்காது.