காதில் பூ சுற்றும் போர் விமானப் படங்கள்: எந்தப் பொய்யை மன்னிப்பீர்கள்?

வான்கோழி:
போர் விமானச் சண்டைப் படம் என்றால் எனக்கு விட மனசு வராது. காதில் பூ சுற்றுகிறார்கள் என்று தெரிந்தே தலையைக் காட்டுகிற ஆள் நான். என் அண்ணன் அப்படி இல்லை, பக்கத்தில் உட்கார்ந்து கணக்குப் பார்ப்பார். 2001இல் வந்த 'பிஹைண்ட் எனிமி லைன்ஸ்' படத்தைச் சேர்ந்து பார்த்தோம். அதில் ஏவுகணை எஃப்-18 விமானத்தை விடாமல் துரத்தும். விமானம் வளைந்தால் அதுவும் வளையும், தவறவிட்டால் திரும்பி வரும். "அதோட மோட்டார் சில விநாடிதான் எரியும். அப்புறம் இருக்கிற வேகத்தை வைத்துத்தான் ஓடணும். ஒவ்வொரு வளைவிலும் வேகம் குறையும். இத்தனை நேரம் துரத்தத் தெம்பு ஏது?" என்றார். நான் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்த இடத்தில் இந்தப் பாடம்!

எனக்குப் பெரிய பொய் உறுத்துவதே இல்லை. சில்லறைப் பொய்தான் உறுத்தும். சண்டை உச்சத்தில் இருக்கும்போது, முகம் தெரியவேண்டும் என்பதற்காக ஆக்சிஜன் முகமூடியைக் கழற்றி வசனம் பேசுவார்கள் பாருங்கள், அந்த மாதிரி. உங்களுக்கு எப்படி?

பின்னெரிப்பான்:
துப்பாக்கியை விட்டுவிட்டீர்களே. எஃப்-16இல் இருக்கும் 20 மி.மீ. பீரங்கி நிமிடத்துக்கு 6000 குண்டு வேகத்தில் சுடும். உள்ளே இருப்பதோ ஐந்நூற்றுச் சொச்சம். விரலை எடுக்காமல் அழுத்தினால் சுமார் ஐந்து விநாடியில் காலி. சினிமாவில் தீரவே தீராது.

இருந்தாலும் 1986இல் வந்த 'அயன் ஈகிள்' எனக்குப் பிடித்த படம். ஒரு விடலைப் பையன் அப்பாவை மீட்க எஃப்-16இல் கிளம்பிப் போவான், தொடையில் கேசட் பிளேயரைக் கட்டிக்கொண்டு! எதிரியின் மிக் விமானங்களாக வருபவை இஸ்ரேலின் கஃபிர் விமானங்கள். இவ்வளவு துணிச்சலாக ரீல் விட்டால் எனக்குக் கேள்வி கேட்கத் தோன்றாது.

கறார்கண்ணன்:
எனக்கு முடியாது. 'டாப் கன்' கதாநாயகன் தலைகீழாகப் பறந்து எதிரி விமானிக்கு விரலைக் காட்டிய அன்றே விட்டுவிட்டேன்.

வான்கோழி:
கண்ணன், அந்தக் காட்சிக்குத்தானே கூட்டமே வந்தது! 'டாப் கன்' படத்தின் 'மிக்-28' என்ற விமானமே உலகத்தில் கிடையாது. அமெரிக்க எஃப்-5க்குக் கறுப்புச் சாயம் அடித்தார்கள், அவ்வளவுதான்.

2022இல் வந்த இரண்டாம் பாகத்தில், மேக் 10ஐ, அதாவது ஒலியைப்போல் பத்து மடங்கு வேகத்தை, தாண்டி விமானம் சிதறும். அடுத்து பார்த்தால் கதாநாயகன் கரி அப்பிய முகத்தோடு உணவகத்துக்குள் நடந்து வந்து தண்ணீர் குடிப்பார். அண்ணன் எழுந்தே போய்விட்டார்.

பின்னெரிப்பான்:
அண்ணனுக்கு இதைச் சொல்லுங்கள். 1966 ஜனவரியில் எஸ்.ஆர்-71 என்ற அமெரிக்க உளவு விமானம் ஒன்று மேக் 3க்கு மேல் போகும்போது உடைந்தது. விமானி பில் வீவர் இருக்கையை வெளியேற்றும் விசையை இழுக்கவே இல்லை. விமானம் அவரைச் சுற்றிப் பிய்ந்துபோய், தானாக வெளியே வந்து விழுந்தார். அழுத்த உடையும் பாராசூட்டும் காப்பாற்றின. பின் இருக்கையில் இருந்த ஜிம் ஸ்வேயர் பிழைக்கவில்லை. மேக் 10 வேறு கதை, ஒத்துக்கொள்கிறேன்.

வான்கோழி:
அடேயப்பா! இதைப் படமாக எடுத்தால் அண்ணன் அதையும் நம்பமாட்டார்.

'டாப் கன்' இரண்டாம் பாகத்தில் இன்னொன்று கவனித்தீர்களா? நடிகர்களை நிஜ எஃப்-18இன் பின் இருக்கையில் உட்காரவைத்து, முன்னால் கடற்படை விமானிகள் ஓட்டினார்கள். திருப்பத்தில் கன்னம் கீழே இழுபடுகிறது, மூச்சு முட்டுகிறது, கழுத்து நிமிர மறுக்கிறது. அந்த முகங்களைப் பார்த்த பிறகு கதை எவ்வளவு அளந்துவிட்டாலும் நான் தயார். 2005இல் வந்த 'ஸ்டெல்த்' படத்தில் எனக்கு இதுதான் கிடைக்கவில்லை. தானாக யோசிக்கிற விமானம் பிரச்சினை இல்லை, யாருக்கும் எடை இருப்பதாகவே தெரியவில்லை.

அடுத்து 1982இன் 'ஃபயர்ஃபாக்ஸ்' பார்க்கலாம் என்று இருக்கிறேன். ரஷ்ய மொழியில் நினைத்தால்தான் ஆயுதம் வேலை செய்யுமாமே?

பின்னெரிப்பான்:
ஆமாம், பாருங்கள். ஆனால் முதல் பாதி முழுக்க உளவுக் கதை. விமானம் கிளம்பும்வரை பொறுமை வேண்டும்.