ஒரே கொள்ளளவு: எந்தப் பெட்டிக்கு அட்டை குறைவு?

கேள்வி:
ஒரு பெட்டி 20×20×20 செ.மீ., இன்னொன்று 40×20×10. இரண்டும் 8000 கன செ.மீ. பிடிக்கும். அப்படியானால் அட்டையும் சமம்தானே? சதுர மீட்டரில் எவ்வளவு வரும்?

பதில் 1:
சமம் இல்லைங்க. கனசதுரத்துக்கு 6×20×20 = 2400 ச.செ.மீ. கனச்செவ்வகத்துக்கு 2×(40×20 + 20×10 + 40×10) = 2800. பலர் அடைப்புக்குள் வரும் 1400-லேயே நிறுத்திவிடுவார்கள், எதிர்ப்பக்கங்கள் மூன்றும் விட்டுப்போகும். சதுர மீட்டராக்க 10000-ஆல் வகுக்கணும், 100-ஆல் இல்லை: 0.24, 0.28.

பதில் 2:
பரீட்சைக்கு அது போதும், நெளி அட்டைப் பெட்டிக்குப் போதாது. மேலே நாலு, கீழே நாலு மூடி மடிப்பு உண்டே! ஒவ்வொரு மடிப்பின் ஆழமும் வாயின் குறுகிய பக்கத்தில் பாதி. அதனால் வெட்டும் தாள் = 2(நீளம்+அகலம்) × (உயரம்+அகலம்). இங்கே அகலம் என்பது அந்தக் குறுகிய பக்கம்.

கனசதுரம்: 80×40 = 3200
வாய் 40×20 என்றால்: 120×30 = 3600
அதே பெட்டி, வாய் 40×10: 100×30 = 3000

பார்த்தீர்களா, கனசதுரமே தோற்றுவிட்டது. பக்கவாட்டு ஒட்டுப்பட்டைக்கு 3 செ.மீ. போலத் தனியாகக் கூட்டிக்கொள்ளுங்கள்.

கேட்டவர்:
வாய் 20×10 ஆனால்?

பதில் 2:
60×50, அதே 3000. ஆனால் 40 செ.மீ. ஆழத்துக்குள் சரக்கை அடுக்குவது பெரும்பாடு.