சிங்கம் விழித்துவிடும், பேசாதே!

மீனா: பெரியப்பா, நீங்கள் சொன்ன சாப்ளினின் 'தி சர்க்கஸ்' படத்தை நேற்று இரவு பார்த்தோம். தூங்கும் சிங்கத்தின் கூண்டுக்குள் சாப்ளின் மாட்டிக்கொள்ளும் காட்சி வந்ததும் சின்னவன் என் வாயைப் பொத்திவிட்டான். "பேசாதே அம்மா, சிங்கம் விழித்துவிடும்" என்கிறான்!

பெரியப்பா: அடடா, அந்தக் காட்சியின் உயிரையே பிடித்துவிட்டான் பிள்ளை! பேச்சோ ஓசையோ இல்லாத படம். இப்போது கேட்கும் இசைகூடப் பல ஆண்டுகள் கழித்துச் சாப்ளினே அமைத்ததுதான். ஆனாலும் சத்தம் வந்துவிடுமோ என்று நாம் மூச்சை அடக்கிக்கொள்கிறோம். தண்ணீர்த் தட்டு விழப்போகும்போது தாவிப் பிடிக்கிறாரே, பார்த்தாயா?

மீனா: பார்த்தேன். அந்தச் சிறிய நாய் கூண்டுக்கு வெளியே நின்று குரைக்கிறதே, அது என் காதில் விழுந்த மாதிரியே இருந்தது.

கமலா அத்தை: கதவைத் திறந்துவிட வேண்டிய பெண்ணே மயங்கி விழுந்துவிடுகிறாள். எனக்கு அந்த இடத்தில்தான் நெஞ்சு படபடத்தது.

செல்வம்: உண்மையான சிங்கமா பெரியப்பா? இல்லை, தனித்தனியாக எடுத்து ஒட்டினார்களா?

பெரியப்பா: உண்மையான சிங்கம்தான் செல்வம். அதன் கூண்டுக்குள்ளேயே நின்று நடித்தார். இந்த ஒரு காட்சியை மட்டும் 200 தடவைக்கு மேல் எடுத்தார்கள்.

கமலா அத்தை: 200 தடவையா! எதற்கு அண்ணா அவ்வளவு?

பெரியப்பா: எப்போது எழ வேண்டும், எப்போது முகர்ந்து பார்க்க வேண்டும் என்று சிங்கத்துக்கு யார் சொல்வது கமலா? அதன் போக்குக்கு மனிதர்தான் காத்திருக்க வேண்டும். சாப்ளின் முகத்தில் தெரியும் பயம் முழுக்க நடிப்பு என்று என்னால் நம்ப முடியவில்லை.

செல்வம்: எந்த ஆண்டுப் படம்?

பெரியப்பா: 1928 ஜனவரியில் வெளியானது. எடுக்கத் தொடங்கியது 1926இல். நடுவில் ஸ்டுடியோவில் தீ விபத்து, மனைவியோடு விவாகரத்து வழக்கு. 1929இல் நடந்த முதல் ஆஸ்கார் விழாவில் இந்தப் படத்துக்காகச் சிறப்பு விருது தந்தார்கள். ஆனால் தன் வாழ்க்கை வரலாற்றை எழுதியபோது இந்தப் படத்தைப் பற்றி ஏறக்குறைய ஒன்றுமே சொல்லாமல் கடந்துபோனார். அந்த நாட்களை நினைத்துப் பார்க்கவே மனம் வரவில்லை போலும்.

கமலா அத்தை: பாவம். அவ்வளவு துயரத்துக்கு நடுவிலா நம்மை இப்படிச் சிரிக்க வைத்தார்?

பெரியப்பா: மீனா, கயிற்றின் மேல் நடக்கும்போது குரங்குகள் ஏறிப் படுத்தும் காட்சியைச் சின்னவன் பார்த்தானா?

மீனா: அதற்குள் தூங்கிவிட்டான் பெரியப்பா. காலையில் எழுந்ததும் கூண்டுக் காட்சியைத்தான் மறுபடியும் போடச் சொன்னான். இந்த முறையும் தட்டைப் பிடித்துவிடுவாரா என்று பார்க்க வேண்டுமாம்.