சுவீடனில் வேலை கிடைச்சிருக்கு, வீட்டில் வேண்டாங்கிறாங்க. அங்கே நிலைமை நிஜமாவே எப்படி?

குறிஞ்சி:
ஸ்டாக்ஹோம் பக்கம் கிஸ்தாவில் ஒரு டெலிகாம் கம்பெனியில் வேலை உறுதியாயிருக்கு. ரெண்டு மாசத்துல சேரணும். நான், கணவர், 11 வயசுப் பையன். மாமியாருக்கு யாரோ வாட்ஸப்பில் ஒரு வீடியோ அனுப்பிட்டாங்க: "உலகத்திலேயே பலாத்காரம் அதிகம் நடக்கிற நாடு, தினம் குண்டு வெடிக்குது"ன்னு. அன்னையிலேர்ந்து வீட்டில் ஒரே பஞ்சாயத்து. நெட்டில் தேடினா ஒருத்தன் சொர்க்கம்ங்கிறான், இன்னொருத்தன் சுடுகாடுங்கிறான். அங்கேயே இருக்கிறவங்க சொல்லுங்க ப்ளீஸ்.

கணக்குப்பிள்ளை:
உப்சாலாவில் ஒன்பது வருஷமா இருக்கேன் சகோ. முதல்ல, அது கிஸ்தா இல்லை, ஷிஸ்தா. வந்து இறங்கின அன்னைக்கே பஸ் டிரைவர் திருத்திடுவார்.

பலாத்காரக் கணக்குக்கு வரேன், வீடியோ எல்லாமே அதைத்தான் பிடிச்சுத் தொங்குது. ஒரு பெண் போலீசுக்குப் போய் "ஒரு வருஷமா வாரா வாரம் கணவன் இப்படிச் செய்தான்"னு சொன்னா பல நாட்டில் அது ஒரே வழக்கு. இங்கே ஒவ்வொரு தடவையும் தனிக் குற்றமாப் பதிவாகும். புகார் கொடுத்த அன்னைக்கே புள்ளிவிவரத்தில் ஏறிடும். பின்னாடி விசாரிச்சுக் குற்றமே இல்லைன்னு முடிஞ்சாலும் அந்த எண் இறங்காது. சட்டத்தையும் 2005, 2013, 2018னு மூணு தடவை விரிவாக்கினாங்க. 2018 ஜூலையிலிருந்து சம்மதம் இல்லாத உறவுன்னாலே பலாத்காரம்தான், அடி உதை மிரட்டல் எதுவும் வேண்டாம். இந்த எண்ணைக் கொண்டுபோய் வேற நாட்டோட ஒப்பிடுறது, ஒரு வீட்டில் கிலோவிலும் இன்னொரு வீட்டில் படியிலும் அரிசி அளந்துட்டு யார் அதிகம் சாப்பிடுறாங்கன்னு சண்டை போடுற மாதிரி.

ஒப்பிடணும்னா கொலையை எடுங்க. பிணத்துக்கு வரையறை மாறாது. இங்கே குற்றத் தடுப்பு மன்றம்னு ஓர் அரசு அமைப்பு இருக்கு, சுருக்கமா 'ப்ரோ'ம்பாங்க. அவங்க கணக்குப்படி 2024இல் கொலை 92. மக்கள் தொகை 1 கோடியே 5 லட்சத்துக்கு மேல. லட்சத்துக்கு ஒண்ணு கூட வரலை. பயப்படாம வாங்க.

மால்மோக்காரன்:
கணக்கு நல்லாத்தான் இருக்கு சார், ஆனா 92ங்கிற எண்ணை மட்டும் காட்டிட்டு 2012ஐ ஏன் மறைச்சிட்டீங்க? அந்த வருஷம் 68. 2020இல் 124. இதே ப்ரோ அமைப்பு 2021இல் ஐரோப்பாவில் இருபத்திரண்டு நாட்டைச் சேர்த்து ஓர் அறிக்கை போட்டுச்சு. 2000ஆம் வருஷத்துக்குப் பிறகு துப்பாக்கிச் சாவு தெளிவா ஏறின ஒரே நாடு சுவீடன். முன்னாடி பட்டியலில் அடியில் கிடந்த நாடு, பத்துப் பதினைஞ்சு வருஷத்தில் மேல போய் உட்கார்ந்திருச்சு. துப்பாக்கியால செத்தவங்க 2011இல் 17 பேர், 2022இல் 60க்கு மேல. தொண்ணூறுகளோட ஒப்பிட்டா மொத்தக் கொலை அவ்வளவா ஏறலைன்னு சொல்றது சரி. குடிச்சிட்டுக் குத்திக்கிட்டது குறைஞ்சுது, அந்த இடத்தில் கூலிக்குச் சுடுறது வந்துச்சு. ரெண்டையும் கூட்டிப் போட்டா கோடு நேரா இருக்கும்.

குண்டு கணக்கு கொலைப் பட்டியலிலேயே வராது, பெரும்பாலும் ஆள் சாகிறதில்லை. 2023இல் 149 வெடிப்பு, 2024இல் 317. மாமியார் "தினம்"னு சொன்னதில் ரொம்பத் தப்பில்லை.

கணக்குப்பிள்ளை:
2022இல் துப்பாக்கிச்சூடு 390 சம்பவம், 2024இல் 300க்குக் கீழே. அதையும் சொல்லுங்களேன்.

மால்மோக்காரன்:
சொல்றேன். துப்பாக்கியைப் போட்டுட்டுக் குண்டைக் கையில் எடுத்துக்கிட்டாங்க. அதுக்கு நாம கை தட்டணுமா?

சோழன்88:
ரெண்டு பேரும் எதுக்கு மழுப்புறீங்க? 2015இல் கதவைத் திறந்து அகதிங்களை உள்ள விட்டாங்க, நாடு நாசமாப் போச்சு. இதுக்கு ஒரு புள்ளிவிவரம் வேணுமா?

ஒஸ்லோ சிவா:
தம்பி, நான் எண்பத்தேழில அகதியா நோர்வேக்கு வந்தனான். அதால உம்மட கதைக்குப் பதில் சொல்ல எனக்கு உரிமை இருக்கு.

முதல்ல வருசத்தைப் பாரும். சுவீடனில துவக்குச் சூடு ஏறத் தொடங்கினது 2015க்குக் கன காலம் முந்தி. சுடுற பெடியள் அனேகமா அங்கயே பிறந்து வளர்ந்தவங்கள். தாய் தகப்பன்தான் வெளியில இருந்து வந்தவை. அதால குடியேற்றத்துக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லையெண்டு நான் சொல்ல மாட்டன், அது பச்சைப் பொய். ப்ரோவின்ர 2021 அறிக்கையிலயே கிடக்கு: வெளிநாட்டில பிறந்த ஆக்கள் குற்றச் சந்தேகத்தில பதிவாகிற வாய்ப்பு, சுவீடன் பெற்றோருக்கு அங்க பிறந்த ஆக்களைவிட இரண்டரை மடங்கு. அங்க பிறந்து தாய் தகப்பன் ரெண்டு பேரும் வெளிநாடெண்டால் மூண்டு மடங்குக்கு மேல. வயசு, வருமானம் எல்லாம் கழிச்சுப் பாத்தா ரெண்டும் இரண்டு மடங்குக்குக் கீழ வருது. கழிச்ச பிறகும் மிச்சம் நிக்குது. ஆனா ஏன் வந்த ஆக்களைவிடப் பிள்ளையளுக்குக் கூட? யுத்தம் பாத்தது தகப்பன். துவக்கு எடுத்தது, யுத்தம் பாக்காத மகன். இதுக்குப் பதில் 'கதவு' எண்ட ஒரு சொல்லுக்குள்ள அடங்காது.

எங்கட ஈழத்துச் சனத்தைப் பற்றியும் சொல்லட்டே? தொண்ணூறுகளில டொரொண்டோவில எங்கட பெடியள் கோஷ்டி பிரிஞ்சு றோட்டில வெட்டுப்பட்டு, சுடுபட்டுச் செத்தவங்கள். அப்ப கனடாப் பேப்பர்காரன் எங்களைப் பற்றி எழுதினதும் நீர் இப்ப எழுதினதும் ஒண்டு.

சோழன்88:
அதெல்லாம் பழைய கதை. இப்ப நடக்கிறதைப் பேசுங்க.

கணக்குப்பிள்ளை:
இப்ப நடந்ததா? 2025 பிப்ரவரி 4, ஓரெப்ரூ நகரம், பெரியவங்களுக்கான கல்விக்கூடம். சுவீடன் வரலாற்றிலேயே மோசமான துப்பாக்கிச்சூடு. பத்துப் பேரைக் கொன்னுட்டுத் தன்னையும் சுட்டுக்கிட்டவர் சுவீடன்காரர், செத்தவங்களில் நிறையப் பேர் வெளிநாட்டுப் பின்னணி. இதை வெச்சு நான் உள்ளூர்க்காரங்களைப் பத்திக் கதை கட்டட்டுமா?

சிவா அண்ணன் சொன்ன அந்த 'மிச்சம்' பத்தி ஒண்ணு. போலீஸ் 2023இல் போட்ட பட்டியலில் 'பாதிக்கப்படக்கூடிய பகுதி'ன்னு 59 இடம், அதில் ரொம்ப மோசமானது 17. ஸ்டாக்ஹோமில் ரிங்கெபி, மால்மோவில் ரூசெங்கோர்ட், கோதன்பர்க்கில் சில இடம். அறுபது எழுபதுகளில் பத்து வருஷத்தில் பத்து லட்சம் வீடுன்னு கட்டித் தள்ளின திட்டத்தில் வந்த அடுக்குமாடிங்கதான் பெரும்பாலும். வசதி வந்தவன் வெளியேறிட்டான், புதுசா வர்றவனுக்கு அங்கேதான் வாடகை வீடு கிடைச்சுது. ஒரு தலைமுறை இப்படியே போச்சு. இதுதான் முழுக் காரணம்னு சொல்லலை. இதை விட்டுட்டுக் காரணம் பேசவும் முடியாது.

மால்மோக்காரன்:
சார், சமூகவியல் சரி. நான் பார்த்ததைச் சொல்றேன்.

போன வருஷம் ஒரு ராத்திரி மூணு மணி. நாங்க மூணாவது மாடி. கட்டில் ஆடுச்சு, சத்தம் அதுக்கப்புறம்தான் கேட்ட மாதிரி ஒரு நினைப்பு. மாடிப்படியில் இறங்கினா கண்ணாடித் தூள் மேல சர்க்கரை மாதிரி நொறநொறன்னு கால் போகுது. கீழே நிறுத்தியிருந்த குழந்தை வண்டி ஒண்ணு, பிளாஸ்டிக் உருகிச் சுவரோட ஒட்டியிருந்துச்சு. போலீஸ் எங்களை எல்லாம் வெளியேத்தி, குளிரில் நிக்க வேண்டாம்னு ஒரு டவுன் பஸ்ஸைக் கொண்டுவந்து உள்ள உட்கார வெச்சாங்க. என் பொண்ணு பைஜாமாவோட என் மடியில். எதிர் சீட்டில் எண்பது வயசுப் பாட்டி, பூனையைக் கோட்டுக்குள்ள வெச்சிருந்தாங்க. யாருக்கு வெச்ச குண்டுன்னு பிறகுதான் தெரிஞ்சுது: முதல் மாடியில் முன்னாடி இருந்த ஒருத்தனுக்கு. அவன் காலி பண்ணிட்டுப் போய் ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. வெச்சது வெளியூர்ப் பையன், வயசு 16. எந்த வீடுன்னு போனில் வந்ததை அப்படியே செஞ்சிருக்கான். அவனுக்கு அந்த ஆளையும் தெரியாது, எங்களையும் தெரியாது.

கணக்குப்பிள்ளை சொல்ற 'லட்சத்துக்கு ஒண்ணு'வில் அன்னைக்கு பஸ்ஸில் இருந்த நாங்க நாற்பது பேரும் வரமாட்டோம். ஒருத்தரும் சாகலையே.

குறிஞ்சி:
படிச்சதும் கை நடுங்குது அண்ணா. பொண்ணு நல்லா இருக்காளா? 16 வயசுப் பையன்னு சொன்னீங்க, எனக்கு அதான் உறுத்துது. என் பையனுக்கு இன்னும் அஞ்சு வருஷம்.

மால்மோக்காரன்:
நல்லா இருக்கா. பலூன் வெடிச்சா மட்டும் அழறா.

பையன் விஷயம்: இதைத்தான் நான் முதல்லேயே சொல்லியிருக்கணும். இங்கே 15 வயசுக்குக் கீழே தண்டனை இல்லைங்கிறதுதான் ரொம்ப நாளாச் சட்டம், 18க்குக் கீழே ரொம்பக் குறைவு. பெரிய தலைங்க துருக்கியிலோ வேற எங்கேயோ உட்கார்ந்துக்கிட்டு டெலிகிராமிலும் சிக்னலிலும் வேலைக்கு விளம்பரம் மாதிரியே போடுவாங்க, இன்ன காரியத்துக்கு இவ்வளவு குரோனா பணம்னு. 13, 14 வயசுப் பசங்க தானா கை தூக்குறாங்க. சுவீடிஷ் பேப்பர்லேயே 'குழந்தைச் சிப்பாய்'ங்கிற வார்த்தை சாதாரணமாப் புழங்குது. ஃபாக்ஸ்ட்ராட்ங்கிற போதைமருந்துக் கும்பல் ரெண்டாப் பிளந்து 2023 செப்டம்பரில் ஒரே மாசத்தில் பத்துக்கு மேல கொலை விழுந்தப்போ, பிரதமர் கிறிஸ்டர்சன் டிவியில் வந்து நாட்டு மக்களுக்கு உரையே நிகழ்த்தினார்.

ஒஸ்லோ சிவா:
அந்தக் கும்பலுகள் எல்லை தாண்டி இஞ்சயும் வந்திட்டுது. 2024இலயே நோர்வேயின்ர எல்லாப் பொலிஸ் மாவட்டத்திலயும் சுவீடன் கோஷ்டியின்ர தொடர்பு இருக்கெண்டு இஞ்சத்தைப் பொலிஸ் சொல்லிட்டுது. டென்மார்க்குக்கும் சுவீடன் பெடியளைக் கூலிக்கு அனுப்பினவங்கள், டென்மார்க் எல்லைச் சோதனையைக் கூட்டினது. முந்தி நோர்டிக் நாடுகளில கொலைக்குப் பேர்போனது பின்லாந்து. அங்க குடிச்சிட்டு, தெரிஞ்ச ஆக்களே தெரிஞ்ச ஆக்களைக் குத்துறது. அது துயரம்தான், ஆனா தெரியாத வீட்டுக் கதவுக்கு வராது.

கணக்குப்பிள்ளை:
ஒப்புக்கிறேன். சராசரிக்குள்ள பயம் வராது, மால்மோக்காரர் சொன்ன பஸ் அதில் ஏறாது. இன்னொண்ணையும் ஒப்புக்கணும்: பலாத்காரம் முழுக்கக் கணக்கு வைக்கிற முறையால்தான்னு நான் சொன்னதா யாரும் எடுத்துக்கவேண்டாம். வருஷா வருஷம் மக்கள்கிட்டயே நேராக் கேட்கிற சர்வே ஒண்ணு இருக்கு, போலீஸ் பதிவுக்கும் அதுக்கும் சம்பந்தமில்லை. அதில் பாலியல் குற்றத்துக்கு ஆளானேன்னு சொன்னவங்க 2012க்குப் பிறகு ஏறி, 2017இல் உச்சம் தொட்டு, அப்புறம் இறங்கினாங்க. ஏறினது நிஜம்.

ஆனா அதே சர்வேயில் வீடு புகுந்து திருடுறது இறங்கிக்கிட்டே வருது. மோசடி ஏறுது. என் பக்கத்து வீட்டுத் தாத்தாவுக்குப் பேங்கிலிருந்து பேசுறதாப் போன் வந்து, மொபைலில் அடையாள ஆப்பைத் திறக்கச் சொல்லி, கால் மணி நேரத்தில் சேமிப்பு போச்சு. துப்பாக்கி வாங்கிற காசு அங்கேயிருந்தும் வருது. இதுக்கு ஒரு வீடியோவும் வரமாட்டேங்குது பாருங்க.

சோழன்88:
கடைசியில் எல்லாரும் ஒத்துக்கிட்டீங்க, நிலைமை மோசம்னு.

கணக்குப்பிள்ளை:
யார் ஒத்துக்கிட்டா? துப்பாக்கிச் சாவு 2022க்கு இப்போ கம்மி. குற்றம் நடக்கிறதுக்கு முன்கூட்டியே போனை ஒட்டுக்கேட்க 2023இல் சட்டம், ஆயுதம் வெச்சிருந்தா தண்டனை கூட்டினது, ஜெயில் நிரம்பி எஸ்தோனியாவில் தார்த்து சிறையில் இடம் வாடகைக்கு எடுக்கிற ஒப்பந்தம் வரைக்கும் போயிருக்காங்க. மால்மோவில் 2018இல் 'சுடுறதை நிறுத்து'ன்னு ஒரு திட்டம் வந்துச்சு: கும்பல் ஆளுங்களை நேரில் கூப்பிட்டு, வெளிய வர்றவனுக்கு உதவி, சுடுறவனுக்கு மொத்தக் கும்பல் மேலயும் போலீஸ்னு முகத்துக்கு நேராச் சொல்றது. 2017இல் 65 சூடு நடந்த ஊர், இப்போ அதில் பாதி கூட இல்லை. மால்மோக்காரரே, இல்லைன்னு சொல்லுங்க பார்ப்போம்.

மால்மோக்காரன்:
குறைஞ்சிருக்கு. திட்டத்தாலயா, ஆளுங்க உள்ளே போனதாலயான்னு எனக்குத் தெரியாது. உங்களுக்கும் தெரியாது. பெரிய குற்றத்துக்குத் தண்டனை வயசை 13க்கு இறக்கணும்னு 2025இல் அரசே சொல்லிச்சு, அதைக் கேட்டா கும்பல்காரங்க 12 வயசுப் பையனைத் தேடுவாங்கன்னு எனக்குத் தோணுது. ஆனா நான் ஊரைக் காலி பண்ணலை, அதையும் எழுதிடுறேன். பொண்ணு ஸ்கூல் இங்கே, வேலை இங்கே. சாயந்திரம் கடலோரம் நடக்கிறோம்.

குறிஞ்சி தங்கச்சி, உருப்படியா ஒண்ணு. இந்த நாட்டில் யார் எந்த விலாசத்தில் இருக்காங்க, என்ன வயசுன்னு எல்லாமே பொதுவில் கிடைக்கும், இலவசம். குண்டு வைக்கிறவனும் அதைத்தான் பார்க்கிறான், நீங்களும் பாருங்க. வீடு பார்க்கிறப்போ அந்தக் கட்டடத்து விலாசத்தைப் போட்டுத் தேடுங்க. வாடகைக்கு வாடகைன்னு நாலு கை மாறின வீட்டை மட்டும் எடுக்காதீங்க. பழைய ஆள் யாருன்னே தெரியாது.

குறிஞ்சி:
கம்பெனி காட்டின வீட்டைத் தேடிப் பார்த்தேன். ஸ்டாக்ஹோமை ஒட்டின சோல்னா பக்கம், 14 வீடு. முக்கால்வாசிப் பேர் எழுபது தாண்டினவங்க. ஒருத்தருக்கு 94. கணவர்கிட்ட காட்டிட்டேன், அத்தைக்கு இன்னும் காட்டலை.

கணக்குப்பிள்ளை:
அந்த வயசில் பதினாலு வீடுன்னா, பொது லாண்டரி ரூமில் உங்க நேரம் முடிஞ்சும் அஞ்சு நிமிஷம் மெஷினை ஓட விட்டுடாதீங்க. கதவில் சீட்டு ஒட்டிடுவாங்க.